எந்த உரிமையில் இந்தப் பதவி? அரசு நியமனங்களை நீதிமன்றத்தில் கேள்வி கேட்பது பற்றி ஓர் அறிமுகம்

2001 செப்டம்பர் 21 அன்று ஜெயலலிதா முதலமைச்சர் பதவியை இழந்தார். தேர்தல் எதுவும் நடக்கவில்லை, கட்சி உடையவில்லை. 234 இடங்கள் உள்ள சட்டமன்றத்தில் அவர் கட்சிக்கு மட்டும் 132 பேர் இருந்தார்கள். டெல்லியில் உச்ச நீதிமன்றத்தின் ஐந்து நீதிபதிகள், அவரை முதலமைச்சராக நியமித்ததே செல்லாது என்று சொல்லிவிட்டார்கள். அன்றே ஓ. பன்னீர்செல்வம் பதவியேற்றார். தேனி மாவட்டத்துக்கு வெளியே அந்தப் பெயரைப் பலர் முதன்முறையாகக் கேட்டது அன்றுதான்.

வழக்கு நடந்த விதம் இது. டான்சி என்ற அரசு நிறுவனத்தின் நிலத்தை வாங்கியது தொடர்பான வழக்கில் 2000 அக்டோபரில் ஜெயலலிதாவுக்கு மூன்றாண்டு சிறைத் தண்டனை விதிக்கப்பட்டது. இரண்டாண்டோ அதற்கு மேலோ தண்டனை பெற்றவர் தேர்தலில் நிற்க முடியாது என்கிறது மக்கள் பிரதிநிதித்துவச் சட்டத்தின் 8(3) பிரிவு. 2001 தேர்தலில் அவர் நான்கு தொகுதிகளில் தாக்கல் செய்த மனுக்களும் தள்ளுபடியாயின. ஆனாலும் கட்சி ஜெயித்தது, சட்டமன்றக் கட்சி அவரைத் தலைவராகத் தேர்ந்தெடுத்தது, ஆளுநர் பாத்திமா பீவி மே 14 அன்று பதவிப் பிரமாணம் செய்து வைத்தார். சட்டமன்ற உறுப்பினராக இல்லாதவரும் ஆறு மாதம் அமைச்சராக இருக்கலாம் என்று அரசமைப்பின் 164(4) சொல்கிறதே, அதுதான் ஆதாரம்.

மனுதாரர் தரப்பு கேட்டது எளிய கேள்வி. அந்த ஆறு மாதச் சலுகை, உறுப்பினராகத் தகுதி இருந்தும் இன்னும் ஆகாதவருக்கா, தேர்தலில் நிற்கவே தகுதி இல்லாதவருக்குமா? முதல் வகையினருக்கு மட்டும்தான் என்றது நீதிமன்றம். மக்கள் தீர்ப்பு அவர் பக்கம் இருக்கிறதே என்ற வாதமும் எடுபடவில்லை. பெரும்பான்மையின் விருப்பம் அரசமைப்புக்கு உட்பட்டதுதான், அரசமைப்பு அதற்கு உட்பட்டதல்ல என்று பதில் வந்தது.

ஆளுநரைப் பற்றியும் ஒரு வாதம் வந்தது. ஆளுநர் தன் பணிக்காக எந்த நீதிமன்றத்துக்கும் பதில் சொல்ல வேண்டியதில்லை, 361ஆம் உறுப்பு அவருக்குப் பாதுகாப்புத் தருகிறது. அப்படியிருக்க அவர் செய்த நியமனத்தை எப்படித் தொட முடியும்? நீதிமன்றம் இதைத் தாண்டிய விதத்தில்தான் இந்த வகை வழக்கின் சூட்சுமம் இருக்கிறது. ஆளுநர் பதில் சொல்ல வேண்டாம். நியமனம் பெற்றவர் சொல்லட்டும். அவர்தானே அந்தப் பதவியில் இருக்கிறார்?

இந்த வழக்கின் பெயரில் இருக்கும் பி.ஆர். கபூர் முதலமைச்சர் நாற்காலிக்கு ஆசைப்பட்டவர் அல்ல. அந்தப் பதவி பறிபோனதால் அவருக்குத் தனிப்பட்ட லாபமும் இல்லை. அப்படிப்பட்ட ஒருவர் முதலமைச்சரையே கேள்வி கேட்க முடிந்தது எப்படி?

கோ வாரண்டோ

பொதுப் பதவியில் இருப்பவரை ‘எந்த உரிமையில் இந்தப் பதவியில் இருக்கிறீர்கள்?’ என்று நீதிமன்றம் கேட்கும் ஆணை இது. அரசமைப்பு நமக்குத் தந்திருக்கும் ஐந்து பேராணைகளில் (ரிட்) ஒன்று. பள்ளிப் பாடப்புத்தகத்தில் தகுதிமுறை வினவும் நீதிப்பேராணை என்று படித்திருப்போம். கோர்ட்டிலும் பத்திரிகையிலும் கோ வாரண்டோ என்றே சொல்வார்கள். 226ஆம் உறுப்பின் கீழ் உயர் நீதிமன்றத்தில் கேட்கலாம்; அடிப்படை உரிமை சம்பந்தப்பட்டிருந்தால் 32ஆம் உறுப்பின் கீழ் உச்ச நீதிமன்றத்துக்கே போகலாம்.

மற்ற ரிட் மனுக்களில் பொதுவாகப் பாதிக்கப்பட்டவர்தான் வர வேண்டும். பணி நியமனச் சண்டைகளில் இது ரொம்பக் கறார். உங்களுக்கு வர வேண்டிய பதவி உயர்வு பக்கத்து மேசைக்காரருக்குப் போனால் நீங்கள் வழக்குப் போடலாம், உங்களுக்காக உங்கள் மைத்துனர் போட முடியாது. பணி விவகாரங்களில் பொதுநல வழக்கு கூடாது என்று உச்ச நீதிமன்றம் பலமுறை சொல்லியிருக்கிறது. அதற்கு அவர்களே வைத்த விதிவிலக்கு கோ வாரண்டோ. பொதுப் பதவியில் சட்டத்துக்கு மாறாக ஒருவர் இருக்கிறார் என்றால் அது எல்லோருடைய பிரச்சினை, அதனால் எந்தக் குடிமகனும் கேட்கலாம்.

இன்னொரு சலுகையும் உண்டு. சாதாரணமாக ரிட் மனுவுக்குத் தாமதமாக வந்தால் ஏன் இவ்வளவு நாள் தூங்கினீர்கள் என்று நீதிபதி கேட்பார். இங்கே தாமதம் பெரிய தடை ஆகாது. கோவா முதலமைச்சராக இருந்த ரவி நாயக் தொடர்பான வழக்கில் 1993இல் உச்ச நீதிமன்றம் இதைத் தெளிவாக்கியது. தகுதியில்லாதவர் பதவியில் இருக்கும் ஒவ்வொரு நாளும் தவறு தொடர்கிறது என்பது தர்க்கம்.

மனுதாரர் முதலில் ஒரு நியாயமான சந்தேகத்தை ஆவணத்தோடு காட்ட வேண்டும். காட்டிவிட்டால் சுமை எதிர்ப்பக்கம் போய்விடும். பதவியில் இருப்பவர்தான் தன் உரிமையை நிரூபிக்க வேண்டும். அரசுப் பேருந்தில் ஏறும் டிக்கெட் பரிசோதகர் மாதிரிதான் நீதிமன்றம் இங்கே நடந்துகொள்ளும். டிக்கெட்டைக் காட்டுங்கள் என்பார். ஜன்னலோர இருக்கைக்கு உங்களைவிடப் பொருத்தமானவர் நின்றுகொண்டிருக்கிறார் என்றெல்லாம் சொல்ல மாட்டார், அது அவர் வேலையும் இல்லை.

பதவி என்றால் எந்தப் பதவி? அரசமைப்போ சட்டமோ உருவாக்கியதாக இருக்க வேண்டும், செய்யும் வேலை பொதுமக்களைத் தொடுவதாக இருக்க வேண்டும். அமைச்சர், துணைவேந்தர், ஆணையத் தலைவர், வாரியத் தலைவர், அரசுத் தலைமை வழக்கறிஞர் எல்லாம் இதில் அடங்கும். உங்கள் அடுக்குமாடிக் குடியிருப்புச் சங்கச் செயலாளர் அடங்க மாட்டார், அவர் மேல் எவ்வளவு கோபம் இருந்தாலும்.

தகுதி வேறு, பொருத்தம் வேறு

பத்திரிகையில் நியமன வழக்கு பற்றிய செய்தியைப் படித்துவிட்டு ‘இவ்வளவு பேசியும் கோர்ட் தள்ளுபடி செய்துவிட்டதே’ என்று வியப்பவர்கள் பெரும்பாலும் இந்த இடத்தில்தான் தடுக்கி விழுகிறார்கள். ஆகவே கொஞ்சம் நின்று பார்க்கலாம்.

தகுதி என்பது சட்டத்தில் எழுதி வைத்திருப்பது. வயது, படிப்பு, அனுபவ ஆண்டு, தண்டனை பெற்றவரா இல்லையா என்பது போன்றவை. ஆம் அல்லது இல்லை என்று சொல்லிவிடலாம். பொருத்தம் என்பது மதிப்பீடு. நேர்மையானவரா, நிதானமானவரா, இந்த வேலைக்கு இவர் சரிப்படுவாரா? அந்த மதிப்பீட்டைச் செய்ய வேண்டியது நியமிக்கும் அதிகாரியோ குழுவோ, நீதிமன்றம் அல்ல. 2009இல் மகேஷ் சந்திர குப்தா வழக்கில் உச்ச நீதிமன்றம் இந்தக் கோட்டை உயர் நீதிமன்ற நீதிபதிகள் நியமனத்துக்கும் சேர்த்தே போட்டது. தகுதியைக் கேள்வி கேட்கலாம், கலந்தாலோசனை நடந்ததா என்று கேட்கலாம், பொருத்தத்தைக் கேட்க முடியாது.

கோட்டின் ஒரு பக்கத்துக்கு உதாரணம் 1992இல் நடந்தது. மிசோரம் அரசின் சட்டத்துறைச் செயலாளராக இருந்த கே.என். ஸ்ரீவஸ்தவாவை கவுஹாத்தி உயர் நீதிமன்ற நீதிபதியாக நியமித்து குடியரசுத் தலைவரே கையெழுத்துப் போட்டுவிட்டார். பிரமாணம் எடுப்பதுதான் பாக்கி. உயர் நீதிமன்ற நீதிபதியாக வேண்டும் என்றால் பத்தாண்டு நீதித்துறைப் பதவியில் இருந்திருக்க வேண்டும், அல்லது பத்தாண்டு உயர் நீதிமன்ற வழக்கறிஞராக இருந்திருக்க வேண்டும் என்கிறது 217ஆம் உறுப்பு. அவர் வழக்கறிஞராகத் தொழில் செய்தவர் அல்ல. அவர் வகித்த பதவிகளும் நிர்வாகப் பதவிகள். குமார் பத்ம பிரசாத் என்ற வழக்கறிஞர் போட்ட வழக்கில் உச்ச நீதிமன்றம் நியமனத்தை ரத்து செய்தது. குடியரசுத் தலைவரின் கையெழுத்து இல்லாத தகுதியைக் கொண்டுவந்து சேர்க்காது.

மறுபக்கத்துக்கு உதாரணம் 2023 பிப்ரவரி 7. வழக்கறிஞர் விக்டோரியா கௌரியை சென்னை உயர் நீதிமன்றக் கூடுதல் நீதிபதியாக நியமித்ததை எதிர்த்து சென்னை வழக்கறிஞர்கள் சிலர் உச்ச நீதிமன்றம் போனார்கள். அவருடைய பழைய பேச்சுகள் சிறுபான்மையினருக்கு எதிரானவை, அப்படிப்பட்டவர் பாரபட்சமில்லாமல் நீதி வழங்க முடியாது என்பது அவர்கள் வாதம். சென்னையில் அவர் பதவியேற்ற அதே காலையில் டெல்லியில் இந்த மனு விசாரணைக்கு வந்து தள்ளுபடியானது. மனுதாரர்கள் சொன்னது பொருத்தத்தைப் பற்றி, தகுதியைப் பற்றி அல்ல என்றது அமர்வு. அந்தப் பேச்சுகள் சரியா தப்பா என்ற கேள்விக்குள் நீதிமன்றம் போகவே இல்லை. அந்த நியமனத்தைப் பற்றி யாருக்கு என்ன கருத்து இருந்தாலும், வழக்கு ஏன் நிற்கவில்லை என்பதற்குக் காரணம் இதுதான்.

மூத்தவர்களைத் தாண்டி ஒருவரை நியமிப்பதும் இதே கதைதான், ஆனால் அதில் ஒரு வேடிக்கை உண்டு. 1973இல் ஷெலாத், ஹெக்டே, குரோவர் என்ற மூன்று மூத்த நீதிபதிகளை ஒதுக்கிவிட்டு ஏ.என். ரேயை இந்தியத் தலைமை நீதிபதியாக இந்திரா காந்தி அரசு நியமித்தது. மூவரும் ராஜினாமா செய்தார்கள். நியமனத்தை எதிர்த்து டெல்லி உயர் நீதிமன்றத்தில் வழக்கு வந்தது. மூவரும் போய்விட்டதால் இப்போது ரேதான் மூத்தவர், நியமனத்தை ரத்து செய்தாலும் மறுநாளே அவரையே நியமிக்கலாம், அப்புறம் எதற்கு இந்த ஆணை என்று நீதிமன்றம் மனுவைத் தள்ளியது. மூவர் தன்மானத்துக்காக ராஜினாமா செய்ததே எதிர்த்தரப்புக்கு வாதமாகிப் போனது. பலனில்லாத ஆணையை நீதிமன்றம் பிறப்பிக்காது என்ற விதிக்கு இன்றும் சட்ட மாணவர்களுக்குச் சொல்லித்தரும் உதாரணம் இது.

நடுவில் ஒரு வாசல்: நடைமுறை

தகுதி இருக்கிறது, பொருத்தத்தைக் கேட்க முடியாது. அப்போது வழக்கு முடிந்ததா? இல்லை. நியமனத்துக்கு வந்து சேர்ந்த பாதையைக் கேட்கலாம். கடந்த பதினைந்து இருபது ஆண்டுகளில் பெரிய நியமனங்கள் பலவும் விழுந்தது இந்த வழியில்தான்.

மத்திய ஊழல் கண்காணிப்பு ஆணையர் பி.ஜே. தாமஸ் வழக்கை எடுத்துக்கொள்வோம். ஊழல் செய்யும் அதிகாரிகளைக் கண்காணிக்கும் ஆணையத்துக்குத் தலைவர் அவர். தேர்வுக் குழுவில் மூன்று பேர்: பிரதமர் மன்மோகன் சிங், உள்துறை அமைச்சர் ப. சிதம்பரம், எதிர்க்கட்சித் தலைவர் சுஷ்மா சுவராஜ். 2010 செப்டம்பரில் கூடினார்கள். கேரளாவின் பாமாயில் இறக்குமதி வழக்கில் தாமஸ் பெயர் குற்றப்பத்திரிகையில் இருக்கிறதே என்று சுஷ்மா எதிர்த்தார். இரண்டுக்கு ஒன்று என்ற கணக்கில் தாமஸ் நியமிக்கப்பட்டார்.

பொதுநல வழக்காடும் மையம் உச்ச நீதிமன்றம் போனது. சட்டப்படி பார்த்தால் தாமஸுக்குத் தகுதி இருந்தது, ஐ.ஏ.எஸ். அதிகாரியாக நீண்ட அனுபவம். எதிர்க்கட்சித் தலைவர் ஒத்துக்கொள்ளவில்லை என்பதாலும் நியமனம் விழவில்லை. ஒருமனதாக இருக்க வேண்டும் என்று சட்டம் சொல்லவில்லை என்று நீதிமன்றமே சொன்னது. விழுந்த இடம் ஒரு கோப்பு. 2000 முதல் 2004 வரை மத்தியப் பணியாளர் துறையில் தாமஸ் மீது துறை நடவடிக்கை எடுக்கலாம் என்று எழுதிய குறிப்புகள் இருந்தன. அந்தக் குறிப்புகள் தேர்வுக் குழுவின் மேசைக்கே வரவில்லை. குழுவுக்குப் போனது அவருடைய பணி விவரம் மட்டும். முக்கியமான தகவலைப் பார்க்காமல் எடுத்த முடிவு முடிவே அல்ல என்று 2011 மார்ச் 3 அன்று தலைமை நீதிபதி எஸ்.எச். கபாடியா தலைமையிலான அமர்வு பரிந்துரையைச் செல்லாததாக்கியது.

கவனித்தால் ஒன்று புரியும். தாமஸ் குற்றவாளி என்று நீதிமன்றம் சொல்லவில்லை, நேர்மையற்றவர் என்றும் சொல்லவில்லை. குழு பார்த்திருக்க வேண்டியதைப் பார்க்கவில்லை என்றது, அவ்வளவுதான். பொருத்தத்தை எடைபோடும் வேலை குழுவுடையது. எடைபோட வேண்டியதைத் தட்டில் வைத்தார்களா என்று பார்ப்பது நீதிமன்றத்துடையது.

தமிழ்நாட்டில் இதற்கு இணையாகச் சொல்லக்கூடியது டி.என்.பி.எஸ்.சி. வழக்கு. 2016 ஜனவரி 31 அன்று ஒரே மூச்சில் 11 உறுப்பினர்களை அரசு நியமித்தது. நாட்காட்டியில் பார்த்தால் அன்று ஞாயிற்றுக்கிழமை. லட்சக்கணக்கான இளைஞர்கள் குரூப்-2, குரூப்-4 என்று எழுதிக் காத்திருப்பது இந்த ஆணையத்தின் தேர்வுகளுக்குத்தான். ஆணைய உறுப்பினர் ஆக என்ன படித்திருக்க வேண்டும் என்று அரசமைப்பு சொல்வதே இல்லை; கிட்டத்தட்டப் பாதிப் பேர் பத்தாண்டு அரசுப் பணி செய்தவர்களாக இருக்க வேண்டும் என்பதோடு 316ஆம் உறுப்பு நிறுத்திக்கொள்கிறது. அப்படியானால் யாரை வேண்டுமானாலும் போடலாமா?

இந்தக் கேள்விக்கான விடை ஏற்கெனவே பஞ்சாபில் கிடைத்திருந்தது. அங்கே பணியாளர் தேர்வாணையத் தலைவராக ஹரிஷ் தாண்டாவை நியமித்ததை உச்ச நீதிமன்றம் 2013இல் ஏற்கவில்லை. எழுதப்பட்ட தகுதி இல்லாததால் கோ வாரண்டோ பொருந்தாது, ஆனால் நியமனத்தையே சட்டவிரோதம் என்று அறிவிக்க நீதிமன்றத்துக்கு அதிகாரம் உண்டு என்றது. எழுதப்பட்ட தகுதி குறைவாக இருக்கும் இடத்தில், ஆளைத் தேடிய விதமும் அலசிய விதமும் இன்னும் கவனமாக இருக்க வேண்டும் என்பது அதன் சாரம். சென்னை உயர் நீதிமன்றம் 2016 டிசம்பரில் அதே அளவுகோலை வைத்து 11 நியமனங்களையும் ரத்து செய்தது. உச்ச நீதிமன்றம் 2017 ஜனவரியில் அதை மாற்றவில்லை. முறைப்படி புதிதாக நியமித்துக்கொள்ள அரசுக்கு வழிவிட்டது.

ஆலோசனை என்று சட்டத்தில் ஒரு சொல் இருந்தால் அதுவும் வெறும் சடங்கல்ல. சென்னை உயர் நீதிமன்றத்தில் கூடுதல் நீதிபதியாக இருந்து நிரந்தரம் ஆகாமல் போன கண்ணதாசனை மாநில நுகர்வோர் ஆணையத் தலைவராக்கியபோது, தலைமை நீதிபதியுடன் நடக்க வேண்டிய ஆலோசனை முழுத் தகவலோடு நடக்கவில்லை என்று நியமனம் 2009இல் உச்ச நீதிமன்றம் வரை போய் விழுந்தது.

துணைவேந்தர் சண்டைகள்

இந்த வழக்குகளில் அதிகம் அடிபடும் பதவி எது என்று என்னைக் கேட்டால் யோசிக்காமல் துணைவேந்தர் என்பேன். காரணம், அங்கே இரண்டு சட்டப் புத்தகங்கள் மோதுகின்றன. ஒன்று மாநிலத்தின் பல்கலைக்கழகச் சட்டம், மற்றது பல்கலைக்கழக மானியக் குழுவின் விதிமுறை. பேராசிரியராகப் பத்தாண்டு இருந்திருக்க வேண்டும் என்கிறது மானியக் குழு. மாநிலச் சட்டம் பல இடங்களில் அப்படிச் சொல்வதில்லை. எது செல்லும்?

மதுரை காமராசர் பல்கலைக்கழகத் துணைவேந்தர் கல்யாணி மதிவாணன் வழக்கில் இதுதான் கேள்வி. அவருக்குப் பேராசிரியர் அனுபவம் போதாது என்று 2014 ஜூனில் சென்னை உயர் நீதிமன்றத்தின் மதுரைக் கிளை நியமனத்தை ரத்து செய்தது. அடுத்த மார்ச்சில் உச்ச நீதிமன்றம் அதைப் புரட்டிப் போட்டது. மானியக் குழு விதிமுறையைத் தமிழ்நாடு ஏற்று நடைமுறைப்படுத்தாதவரை அது இங்கே கட்டாயமாகாது என்றது. அவர் மறுபடி நாற்காலிக்கு வந்தார்.

ஏழு வருடத்தில் காற்று திசை மாறியது. குஜராத்தின் சர்தார் படேல் பல்கலைக்கழக வழக்கில் 2022 மார்ச்சிலும், கேரளாவின் ஏ.பி.ஜே. அப்துல் கலாம் தொழில்நுட்பப் பல்கலைக்கழக வழக்கில் அக்டோபரிலும் மானியக் குழு விதிமுறை பக்கம் உச்ச நீதிமன்றம் சாய்ந்தது. கேரள வழக்கில் தேடல் குழு அனுப்பியது ஒரே ஒரு பெயர். மூன்று முதல் ஐந்து பெயர் கொண்ட பட்டியல் வேண்டும் என்கிறது விதிமுறை. ஒற்றைப் பெயரை அனுப்பிவிட்டுத் தேர்ந்தெடுங்கள் என்றால் வேந்தரான ஆளுநர் எதிலிருந்து தேர்ந்தெடுப்பார்? இந்தத் தீர்ப்பு வந்த இரண்டே நாளில் கேரள ஆளுநர் ஒன்பது துணைவேந்தர்களை ராஜினாமா செய்யச் சொல்லி மாநிலத்தையே கலக்கினார். ஒரு நியமன வழக்கு எவ்வளவு தூரம் அரசியலாகும் என்பதற்கு அது ஒரு சாட்சி.

கேரளத்திலிருந்தே இன்னொரு வழக்கு, எனக்கு எல்லாவற்றையும்விட சுவாரசியமானது. கண்ணூர் பல்கலைக்கழகத் துணைவேந்தராக கோபிநாத் ரவீந்திரனை இரண்டாம் முறை நியமித்தார்கள். வயது சரியில்லை என்றார்கள் மனுதாரர்கள். மறுநியமனத்துக்கு வயது வரம்பு பொருந்தாது என்று உச்ச நீதிமன்றம் அதை ஒதுக்கியது. மறுநியமனத்துக்குத் தேடல் குழு வேண்டும் என்றார்கள்; வேண்டியதில்லை என்றது. இவ்வளவு தூரம் அரசுக்குச் சாதகமாகச் சொல்லிவிட்டு 2023 நவம்பர் 30 அன்று நியமனத்தை ரத்து செய்தது. ஏன்? முடிவெடுக்க வேண்டியவர் வேந்தர். அவர் தானாக முடிவெடுக்காமல் மாநில அரசு சொன்னபடி கையெழுத்துப் போட்டிருக்கிறார். சட்டம் ஒருவரிடம் கொடுத்த அதிகாரத்தை வேறொருவர் பயன்படுத்தினால், ஆள் எவ்வளவு தகுதியானவராக இருந்தாலும் நியமனம் நிற்காது.

அறம் பேசினால் போதுமா

போதாது. செந்தில் பாலாஜி 2023 ஜூனில் அமலாக்கத்துறையால் கைதான பிறகும் இலாகா இல்லாத அமைச்சராகத் தொடர்ந்தார். எந்த உரிமையில் தொடர்கிறார் என்று கோ வாரண்டோ மனுக்கள் வந்தன. இலாகா இல்லாத அமைச்சரால் பயன் என்ன என்று சென்னை உயர் நீதிமன்றம் கடுமையாகவே கேட்டது. ஆனால் கைதானவர், விசாரணைக் கைதியாக இருப்பவர் அமைச்சராகக் கூடாது என்று எந்தச் சட்டமும் சொல்லவில்லை. ஆகவே முடிவை முதலமைச்சரிடமே விட்டுவிட்டது. 2024 ஜனவரியில் உச்ச நீதிமன்றமும் தலையிட மறுத்தது.

சனாதனப் பேச்சு தொடர்பாக உதயநிதி ஸ்டாலின், சேகர்பாபு, ஆ. ராசா மூவருக்கும் எதிராக வந்த கோ வாரண்டோ மனுக்களிலும் இதே நிலை. 2024 மார்ச்சில் நீதிபதி அனிதா சுமந்த் பேச்சுகளைக் கண்டித்தார், ஆனால் ஆணை பிறப்பிக்கவில்லை. பதவியிழப்புக்குச் சட்டம் பட்டியல் போட்டிருக்கிறது, பட்டியலில் இல்லாததை நீதிமன்றம் சேர்க்க முடியாது.

ஜெயலலிதா வழக்கோடு ஒப்பிட்டால் வித்தியாசம் பளிச்சென்று தெரியும். அங்கே 8(3) என்று ஒரு பிரிவு விரல் நீட்டிக் காட்டியது. இவற்றில் அப்படி எதுவும் இல்லை. எந்தக் கட்சிக்காரர் என்பதை வைத்து இந்தத் தீர்ப்புகளைப் படிப்பவர்கள் நிறைய. எந்தப் பிரிவு என்று பார்த்துப் படித்தால் மூன்றும் ஒரே தடத்தில் போவது தெரியும்.

ரத்தான பிறகு, போட்ட கையெழுத்துகள்?

முதலமைச்சர் பதவியே செல்லாது என்றால், மே 14 முதல் செப்டம்பர் 21 வரை ஜெயலலிதா போட்ட உத்தரவுகள்? அந்த நான்கு மாதத்தில் மாற்றலாகிப் போன அதிகாரி திரும்பி வர வேண்டுமா? தேவையில்லை. பதவியில் இருந்தவர் சட்டப்படி உரியவர் என்று நம்பி மக்கள் நடந்துகொண்டார்கள். அவர்களைத் தண்டிக்கக் கூடாது என்பதற்காக, நடைமுறையில் பதவி வகித்தவரின் செயல்கள் செல்லும் என்று ஒரு கோட்பாடு வைத்திருக்கிறார்கள். ஆந்திராவில் கூடுதல் அமர்வு நீதிபதிகள் சிலரின் நியமனம் ரத்தானபோது, அவர்கள் கொடுத்த தண்டனையும் ரத்துதானே என்று கைதிகள் வாதாடினார்கள். நல்ல முயற்சிதான். ஆனால் 1981இல் கோகராஜு ரங்கராஜு வழக்கில் உச்ச நீதிமன்றம் ஒத்துக்கொள்ளவில்லை. தீர்ப்பு நாற்காலிக்குச் சொந்தம் என்று வைத்துக்கொள்ளுங்கள்.

நீங்களே வழக்குப் போடுவதென்றால்

எந்தக் கதவைத் தட்ட வேண்டும் என்பதை முதலில் முடிவு செய்யுங்கள். ஒருவர் சட்டமன்ற அல்லது நாடாளுமன்றத் தேர்தலில் ஜெயித்த விதத்தில் குறை என்றால் அது தேர்தல் வழக்கு, முடிவு வந்த 45 நாளுக்குள் உயர் நீதிமன்றத்தில் போட வேண்டும். ஒரு நாள் தாண்டினாலும் கதவு மூடிவிடும். உங்களுக்குக் கிடைக்க வேண்டிய வேலை இன்னொருவருக்குப் போனது என்றால் அது பணி வழக்கு: மத்திய அரசு வேலைக்கு மத்திய நிர்வாகத் தீர்ப்பாயம், தமிழக அரசு வேலைக்கு உயர் நீதிமன்றம். கோ வாரண்டோவில் ஜெயித்தால் அவர் இறங்குவார், ஆனால் அந்த இடம் உங்களுக்கு வராது. இதைத் தெரிந்துகொள்ளாமல் தவறான மனுவைப் போட்டு இரண்டு வருடத்தை வீணடிப்பவர்கள் உண்டு.

அப்புறம், ஆவணம். தகவல் உரிமைச் சட்டத்தில் ஒரு மனு போடுங்கள், 30 நாளில் பதில் தர வேண்டும். நியமன அரசாணையின் நகல், தேர்வுக் குழுக் கூட்டக் குறிப்பு, குழுவின் முன் வைக்கப்பட்ட ஆவணப் பட்டியல், நியமனம் பெற்றவர் கொடுத்த தன்விவரம் ஆகியவற்றைக் கேளுங்கள். தாமஸ் வழக்கு நின்றது குழுவின் முன் எது வைக்கப்பட்டது, எது வைக்கப்படவில்லை என்பதில்தான். தகவல் தர மறுத்தால் அந்த மறுப்புக் கடிதத்தையும் பத்திரமாக வைத்திருங்கள். மனுவோடு சேர்க்க உதவும்.

பிறகு சட்டத்தையும் விதியையும் பக்கத்தில் வைத்துக்கொண்டு, எந்த வரியை நியமனம் மீறுகிறது என்று ஒரே வாக்கியத்தில் எழுதிப் பாருங்கள். ‘இந்த விதியின் இந்த உட்பிரிவு பத்தாண்டு கேட்கிறது, இவருக்கு ஆறாண்டுதான்’ என்று எழுத முடிந்தால் வழக்கு இருக்கிறது. ‘இவரைவிட மூத்தவர்கள் இருக்கிறார்கள்’, ‘இவர் அமைச்சருக்கு வேண்டியவர்’ என்றுதான் எழுத வருகிறது என்றால், நேராக வழக்கறிஞரிடம் ஓடாதீர்கள். அந்த வேண்டியவர் கதைக்குப் பின்னால் மீறப்பட்ட நடைமுறை ஏதாவது இருக்கிறதா என்று இன்னொரு தகவல் மனு போட்டுத் தேடுங்கள். கிடைக்காவிட்டால் விட்டுவிடுவது நல்லது. தனிப்பட்ட பகையில் வந்த மனு என்று தோன்றினால் நீதிமன்றம் செலவுத் தொகை விதித்து அனுப்பும்.

மனு தயாரானதும் எதிர்மனுதாரர் பட்டியலை ஒருமுறை சரிபாருங்கள். தலைமைச் செயலாளர், துறைச் செயலாளர் என்று அரசுத் தரப்பை வரிசையாகச் சேர்த்துவிட்டு, பதவியில் இருக்கும் ஆளின் பெயரை விட்டுவிடாதீர்கள். கேள்வியே அவரைப் பார்த்துத்தான். அவரைச் சேர்க்காத மனு, எண் வாங்கும் முன்பே நீதிமன்றப் பதிவுத்துறையிலிருந்து திரும்பி வரலாம்.